செவ்வந்தி வீட்டு மணிப்பூ

எலும்பு இல்லை, கிழங்கு. எத்தனை தரம் சொன்னாலும் தெருவில் ஒருத்திக்கும் காதில் ஏறவில்லை. செத்த பிள்ளையின் விரலெலும்பைச் செவ்வந்தி ஃபிரிட்ஜில் வைத்திருந்தாளாம், குட்டு உடைந்ததும் ஊரை விட்டு ஓடிவிட்டாளாம். ஓடுகிறவள் வாசல் தெளித்துக் கோலம் போட்டுவிட்டா ஓடுவாள்? நடந்ததைக் கேட்டுவிட்டு அப்புறம் பேசுங்கள்.

அவள் புருஷன் வேதகிரி மிலிட்டரியில் சமையல் வேலை பார்த்தவன். ரிட்டையரான ஆபீசர் ஒருத்தர் சிம்லாவுக்கும் மேலே பங்களா கட்டிக்கொண்டு, இவர்களைக் கூடவே அழைத்துப் போனார். அவன் அடுப்படி, அவள் தோட்டம். பதினோரு வருஷம். உத்திரமேரூர் வெயிலில் நாற்று நட்ட கை, அங்கே பனிக்குப் பயந்து செடிக்குச் சருகு மூடப் பழகியது. பங்களாவுக்குப் பின்னால் மர நிழலில் ஒரு பூ. ஒரே காம்பில் குட்டிக் குட்டி வெள்ளை மணிகளாக வரிசையாய்த் தொங்கும். ஆபீசரம்மா லில்லி என்பாள். செவ்வந்தியின் மகள் இளவரசிக்கு அது மணிப்பூ. கிழங்கு மூன்று மாசம் பனிக்கடியில் செத்தது போல் கிடந்து எழுந்தால்தான் பூக்கும். வேர், இலை, அது நின்ற தண்ணீர்கூட விஷம். ஆனால் அந்த வாசனைக்கு ஈடு கிடையாது.

இளவரசி ஆறு வயசில் காய்ச்சலில் போனாள். பனி வழியை அடைத்துவிட்டது, ஆஸ்பத்திரிக்கு இறக்க முடியவில்லை. பின்தோட்டத்திலேயே புதைத்தார்கள். அந்த மேட்டின்மேல் மணிப்பூ தானாகப் படர்ந்தது. பிறகு வேதகிரியும் மாரடைப்பில் போக, செவ்வந்தி தனியாக ஊர் திரும்பினாள். பிள்ளையைத் தோண்டி எடுத்துவர முடியுமா? அதன்மேல் படர்ந்த கிழங்கில் ஒரு கைப்பிடி எடுத்து, ஈரச் சாக்கில் சுற்றிக் கொண்டுவந்தாள்.

ரெண்டு வருஷம் மண்தொட்டியில் வைத்துப் பார்த்தாள். வெளுத்த இலை வரும், சித்திரையில் கருகும். பாதிக் கிழங்கு அழுகிப்போனது.

அப்போதுதான் கொழுந்தன் சின்னராசின் மகள் பிரபாவுக்குக் கல்யாணம் கூடியது. கன்னியாகச் செத்த பெண் இருக்கிற குடும்பம். முதலில் அவளைப் பூவாடையாக, வீட்டுத் தெய்வமாக அழைத்துப் புதுத்துணி வைத்துப் படைக்காமல் பந்தக்கால் நடுவார்களா? ஐப்பசியில் ஏரிக்கரையில் பூசாரி முனியன் பேர் சொல்லிக் கூப்பிட்டு, தண்ணீரில் பூ விட்டான். பூ கரைக்கு வந்தால் பெண் வந்துவிட்டாள் என்று அர்த்தம். மல்லி விட்டான், சாமந்தி விட்டான், கதம்பம் விட்டான். மூன்றும் நடு ஏரிக்குப் போயின.

"பொண்ணு வரமாட்டேங்குது செவ்வந்தி," என்றான் முனியன். "இந்த ஊரையே பாக்காத பொண்ணு. இந்தப் பூவெல்லாம் அதுக்கு இன்னா தெரியும்?"

சின்னராசின் பெண்டாட்டி அம்முலு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "உம் பொண்ணு வர வரைக்கும் எம் பொண்ணு குந்திக்கினு கெடக்கணுமாக்கா?"

"பங்குனி வரைக்கும் பொறுத்துக்க அம்முலு. அதுக்குத் தெரிஞ்ச பூவக் கொண்டாறேன்."

கல்யாணம் சித்திரைக்குத் தள்ளிப்போனது. செவ்வந்தி பழைய ஃபிரிட்ஜ் ஒன்று வாங்கி, காய்கறித் தட்டில் மிச்சக் கிழங்குகளை ஈரச் சாக்கில் சுற்றிக் கிடத்தினாள். கரண்ட் போனால் மீன்கார சேட்டுவிடம் ஐஸ் வாங்கி அடைத்தாள். மார்கழியில் உறைமோர் கேட்டு வந்த அம்முலு, தானே ஃபிரிட்ஜைத் திறந்து தட்டை இழுத்துவிட்டாள். வெள்ளையாக, கணுக்கணுவாக, நுனி கூராக, சின்னச் சின்னதாய் ஒரு குவியல். அம்முலுவுக்கு வாய் கோணிப்போனது.

"மூடும்மா, குளிர் போவுது," என்றாள் செவ்வந்தி.

இந்த ஒரு பேச்சுதான் தெருமுழுக்கச் சுற்றியது. கிழங்கென்று அவள் தரையிலடித்துச் சத்தியம் செய்தாள். யார் கேட்டார்கள்?

மாசியில் தொட்டிக்கு மாற்றி, பின்கட்டு இருட்டில் சுற்றிலும் ஐஸ் வைத்தாள். பங்குனி பாதியில் ஒரே ஒரு காம்பு. அதில் ஏழு மணி.

அன்று காலை ஏரியில் கரையிலிருந்து உள்ளே தள்ளுகிற காற்று. செவ்வந்தியே காம்பைத் தண்ணீரில் விட்டாள். கொஞ்ச நேரம் அது நின்ற இடத்திலேயே நின்றது. அப்புறம் காற்றுக்கு எதிராக, குழந்தை தத்தி நடக்கிற வேகத்தில் வந்து அவள் காலைத் தொட்டது. முனியன் உடுக்கை அடிக்க மறந்து நின்றான். ஆடு மாடு குடிக்கிற தண்ணீர் என்று அவள் பூவை எடுத்து மடியில் கட்டிக்கொண்டாள். திரும்பி வருகையில் வாசனை அவர்களுக்கு முன்னால் நடந்தது. சிவப்புப் பாவாடை வைத்துப் படைத்தார்கள். அம்முலுவே விழுந்து கும்பிட்டாள்.

பூ மத்தியானத்துக்குள் பழுத்து உதிர்ந்தது. வாசனை மட்டும் போகவில்லை.

மறுநாள் காலையில் காலி ஃபிரிட்ஜின் கதவு திறந்து கிடந்தது. மூடினாள். சோறு வடித்துவிட்டு வந்தால் மறுபடி திறந்திருந்தது. கயிறு போட்டுக் கட்டினாள். உச்சி வெயிலில் கயிறு கீழே கிடந்தது, அறுந்து இல்லை, அவிழ்ந்து. காய்கறித் தட்டு வெளியே இழுபட்டிருந்தது. பிரபாவின் பத்திரிகையோடு வந்த அம்முலுவும் பார்த்தாள்.

"எலியா இருக்கும்க்கா."

"எலி கயித்த அவுக்குமா?"

ஃபிரிட்ஜின் மேல்தட்டு ஐஸ் அறையில் வெள்ளையாய் உறைந்திருந்த பனியில் சின்னதாக ஐந்து விரல் கோடு. தட்டு இருந்த இடத்தில் செவ்வந்தி கையை விட்டுப் பார்த்தாள். அந்தச் சில்லிப்புப் பட்டதும் அவளுக்குப் புரிந்தது. பிறந்ததிலிருந்து வெயில் அறியாத பிள்ளை. அம்மா கூப்பிட்டாளென்று இந்தக் கொதிப்புக்குள் வந்துவிட்டு, ஒடுங்க இடமில்லாமல் குளிரைத் தேடிக்கொண்டிருக்கிறது.

கல்யாணம் முடிகிற வரை ஃபிரிட்ஜை அவள் மூடவே இல்லை. ஐஸ் வாங்கி வாங்கி உள்ளே வைத்தாள்.

கல்யாணத்துக்கு மறுநாள் விடிந்ததும் கோலம் போட்டாள். தொட்டியில் மிஞ்சிய கிழங்கைச் சேட்டுவின் ஐஸ் பெட்டியில் வைத்து, மேலே அந்தச் சிவப்புப் பாவாடையைச் சுற்றினாள். அம்முலு ஓடி வந்தாள்.

"எங்கக்கா கெளம்பிட்ட? பேசறவங்க பேசிக்கினு போவட்டும். நான் இனிமே ஒரு வார்த்த சொன்னா கேளு."

"பேச்சுக்காவ போவலம்மா. அதுக்கு இங்க வெக்க தாங்கல. கொண்டுபோய் அது எடத்துல வுட்டுட்டு, நானும் அங்கியே இருந்துக்கறேன்."

ஃபிரிட்ஜின் பிளக்கைப் பிடுங்கிவிட்டாள். பெட்டியை இடுப்பில் வைத்தாள். வாசல் கதவை விரியத் திறந்து, முதலில் ஓரமாக ஒதுங்கி நின்றாள். அம்முலுவின் முழங்கால் உயரத்தில் சில்லென்று ஏதோ உரசிக்கொண்டு வெளியே போனது. அதற்குப் பிறகுதான் செவ்வந்தி படி இறங்கினாள்.