குன்சோரோ எடுக்காத படம்

ஆவணப்பட இயக்குநர் குன்சோரோ, ஜாவாவில் ஆறுகள் நாறுவதைப் படமெடுத்தே பெயர் வாங்கியவர். எங்கள் ஆற்றுக்கும் வருவதாகச் சொல்லியனுப்பினார். விருந்தாளி வருகிறார் என்றதும், அதுவரை குனிந்து ஒரு பையைக்கூட எடுக்காத நாங்கள் ஊரோடு இறங்கி, முந்தின நாளே குப்பையை அள்ளிவிட்டோம்.

கேமராவோடு வந்தவர் கரையில் உட்கார்ந்துவிட்டார்.

"குப்பையெல்லாம் எங்கேம்மா?" என்று ஊர்த்தலைவி லஸ்த்ரியைக் கேட்டார்.

"வீட்டுக்கு ஆள் வர்றப்ப கூட்டாம வைப்போமா, மாஸ்? சோறு ஆறுது, வாங்க" என்றார் லஸ்த்ரி. எங்கள் பக்கம் அண்ணனை 'மாஸ்' என்போம்.

அடுத்த ஊருக்குச் சொல்லாமல் போனார். லஸ்த்ரி முந்திக்கொண்டு சொல்லிவிட்டார். அங்கேயும் ஆறு பளிச்சென்று இருந்தது. மீன்குழம்பும் தயாராக இருந்தது. படம் நின்றுபோனது.

போன வாரம் லஸ்த்ரி அவரைத் தொலைபேசியில் அழைத்தார்.

"ஆறு மறுபடி நாறுது, மாஸ். எப்ப படமெடுக்க வர்றீங்க?"