ராணி சொன்ன "இன்னா"

நான் நடித்த முதல் பேசும் படத்தில் எனக்கு ராணி வேடம். ராஜா காட்டுக்குப் போகிறேன் என்றதும் பதறிப்போய், "என்ன சொன்னீர்கள், சுவாமி?" என்று நான் கேட்க வேண்டும். ஆம்பூரில் பிறந்து வளர்ந்த வாய். "இன்னா சொன்னீர்கள், சுவாமி?" என்று வந்துவிட்டது. அந்தக் காலத்தில் படம் பிடிக்கும்போதே குரலும் பதிவாகிவிடும். வசனம் சொல்லிக்கொடுக்கும் வாத்தியார் அன்று காய்ச்சலில் படுத்திருந்தார். டைரக்டர் கல்கத்தாக்காரர், தமிழில் ஓர் எழுத்துகூடத் தெரியாது. என் முகபாவத்தைப் பார்த்து "சபாஷ்" என்றார். மறுபடியும் அந்த விளக்குச் சூட்டில் நிற்க எனக்குத் தெம்பில்லை. வாயை மூடிக்கொண்டேன்.

அப்பா தோல் மண்டியில் வேலை பார்த்தவர். அவர் போனபின் நான் நாடகத்தில் சேர்ந்து, அங்கிருந்து சினிமாவுக்குப் போனேன். அம்மா தெரு முழுக்க வேறு கதை கட்டி வைத்திருந்தாள்: பெரியவள் கல்கத்தாவில் ஆஸ்பத்திரி வேலையில் இருக்கிறாளாம். படத்தில் பெயரையும் மாற்றியிருந்தார்கள். கிரீடமும் பவுடருமாக என்னை எனக்கே அடையாளம் தெரியாது. சினிமாக்காரி என்றால் குடும்பப் பெண் இல்லை என்று ஊர் முடிவுகட்டியிருந்த காலம் அது. ஆனால் கொட்டகைக்கு மட்டும் வண்டி கட்டிக்கொண்டு வருவார்கள். நினைத்தால் இன்றும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

தங்கைக்கு ஜோலார்பேட்டையில் ரயில்வே மாப்பிள்ளை அமைந்தது. கல்யாணத்துக்காக நான் ஊருக்கு வந்திருந்தேன். புடவை எடுக்க வந்த மாப்பிள்ளையின் அம்மா எங்கள் வீட்டில்தான் சாப்பிட்டார். "இன்னா அத்தே, கொஞ்சமா சாப்புடுறீங்க, இன்னும் கொஞ்சம் போட்டுக்கோங்க" என்று பரிமாறியது நான். சாயங்காலம், டெண்டுக் கொட்டகையில் புதுப்படம் என்று கேள்விப்பட்டு அவர் என் அம்மாவையும் கையோடு இழுத்துக்கொண்டு போனார். அது என் படம்.

ராணி வாயிலிருந்து "இன்னா" வந்ததும் கொட்டகையே விசிலடித்ததாம். "நம்மூர்ப் பொண்ணுடா!" என்று ஒருவன் கத்தினானாம். சம்பந்தியம்மா மட்டும் சிரிக்கவில்லை என்று அம்மா வந்து சொன்னாள்.

மறுநாள் காலையில் அவர் வந்து நின்றார்.

"சம்பந்தி, அது உங்க பெரிய பொண்ணு குரலுதான். இல்லன்னா கற்பூரம் அணைச்சு சத்தியம் பண்ணட்டும். முடியாதுன்னா இந்தக் கல்யாணம் வேணாம்."

கதவுக்குப் பின்னால் தங்கை நின்றிருந்தாள். அவள் மூச்சு வாங்குவது எனக்குக் கேட்டது. தட்டில் கற்பூரத்தை ஏற்றி, உள்ளங்கையால் அணைத்தேன்.

"நான் ஆஸ்பத்திரில நோயாளிங்களுக்குக் கஞ்சி ஊத்துறவ, அத்தே. செத்துப்போன எங்கப்பா மேல ஆணை. இந்த மூஞ்சியப் பாத்தா ராணி மாதிரியா இருக்குது?"

அப்பா பெயரைச் சொன்னதும் அழுகை பொத்துக்கொண்டு வந்தது. அந்த அம்மாளும் அழுதுவிட்டார். "தப்பாப் பேசிட்டேன், மனசுல வெச்சிக்காதம்மா" என்று என்னைக் கட்டிக்கொண்டார்.

அவர் போனதும் அம்மா என் கைக்கு வெண்ணெய் தடவினாள். நிமிர்ந்து பார்க்காமலேயே கேட்டாள்.

"அந்த அழுகைகூட வேசந்தானாடி?"

இல்லை என்றேன். அவள் நம்பவில்லை.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. அதன்பிறகு ஏழெட்டுப் படங்களில் நடித்தேன். ஆனால் அம்மா இருந்தவரை, நான் எதற்கு அழுதாலும் பக்கத்தில் வரமாட்டாள். கொஞ்சம் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருப்பாள்.