பூனைக்குத் தெரிந்த வடமேற்கு

எனக்குத் திசை தெரியாது என்பதைக் கண்டுபிடித்தவர் என் மாமியார். அதுவரை எனக்கே அது தெரியாது. பெரம்பூரில் ஒரு சந்தில் பிறந்து, அதே சந்தின் முனையில் இருந்த பள்ளிக்கூடத்தில் படித்து, பத்தொன்பது வயதில் கல்யாணமாகிப் பருத்திப்பட்டுக்கு வந்தவள் நான். எங்கள் சந்தில் சோத்தாங்கைப் பக்கம், பீச்சாங்கைப் பக்கம், டீக்கடைக்கு எதிரே, அவ்வளவுதான் பூகோளம். சூரியன் எந்தப் பக்கம் உதித்தால் எனக்கென்ன?

பருத்திப்பட்டில் கதையே வேறு. ஆவடியிலிருந்து பூந்தமல்லி போகும் ரோட்டை ஒட்டி எங்கள் வீடு. என் மாமியார் சுற்றுவட்டாரத்து வயல்களிலெல்லாம் நாற்று நட்டவர், களை பறித்தவர். மகனுக்கு ஆவடியில் தொழிற்சாலை வேலை கிடைத்த பிறகுதான் வீட்டோடு இருந்தார். வயலை விட்டாலும் திசையை விடவில்லை. அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்துகொண்டு, "அந்த வடக்கால கீற டப்பாவ எடும்மே" என்பார். நான் மிளகாய்த்தூளுக்குப் பதில் காப்பித்தூளை நீட்டுவேன். "கொஞ்சம் மேக்கால தள்ளிக் குந்து" என்பார். நான் நகர்ந்து அவர் மடியிலேயே உட்காரப் பார்ப்பேன். பக்கத்து வீட்டுப் பெண்களுக்கு இதெல்லாம் நல்ல பொழுதுபோக்கு.

அறுபதுகளின் கடைசி அது. அம்பத்தூர் தொழிற்பேட்டையில் ரேடியோவுக்குக் காயில் சுற்றுகிற ஒரு சின்ன ஷெட்டில் பெண்களை வேலைக்கு எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனேன். தலைமுடியை விட மெல்லிசான செம்புக் கம்பியைக் கொடுத்துச் சுற்றச் சொன்னார்கள். மற்றவர்களுக்கு நாலு முறை அறுந்தது, எனக்கு ஒரு முறைகூட அறுந்துபோகவில்லை. மேஸ்திரி வாங்கிப் பார்த்துவிட்டு, "நல்லா செய்றியேம்மா" என்றார். வீட்டில் எந்த டப்பாவையும் ஒழுங்காக எடுக்கத் தெரியாத கைக்கு அப்படி ஒரு வார்த்தை கிடைத்ததில் எனக்குத் தலைகால் புரியவில்லை. பன்னிரண்டு நாள் கழித்து வரும் திங்கட்கிழமை வேலையில் சேர்ந்துவிடச் சொன்னார்கள்.

அந்த மிதப்பில் அம்பத்தூர் ஸ்டேஷனில் எதிர்ப்பக்கம் போகிற ரயிலில் ஏறிவிட்டேன். ஆவடிக்குப் பதில் பெரம்பூர் வந்தது. வந்ததுதான் வந்தோம் என்று அம்மா வீட்டில் ஒரு வாய் சாப்பிட்டேன், இரண்டு வாய் பேசினேன். வீடு திரும்பும்போது இருட்டிவிட்டது. அதற்குள் என் கணவர் சைக்கிளில் தொழிற்பேட்டை முழுக்கச் சுற்றி, ஒவ்வொரு ஷெட் வாட்ச்மேனிடமும் என் அங்க அடையாளங்களைச் சொல்லி முடித்திருந்தார்.

"வேலையும் வாணாம், ஒண்ணும் வாணாம். தெனிக்கும் உன்ன தேடிக்கினு எம்புள்ள சைக்கிள் மிதிக்கணுமா?" என்றார் மாமியார்.

என் கணவர், "அம்மா சொல்றதும் செரிதான். நீ சொல்றதும் செரிதான்" என்றார். அவர் எப்போதும் அப்படித்தான்.

இரண்டு நாள் நான் யாரிடமும் பேசவில்லை. சாப்பிடவும் இல்லை, யாரும் பார்க்கிறபோது. எனக்கு அந்த வேலை வேண்டும், அவ்வளவு ஆசையாக அதற்கு முன் எதையும் கேட்டதில்லை. மூன்றாம் நாள் மாமியாரே இறங்கி வந்தார், ஒரு பரீட்சையோடு.

எங்கள் கூரையில் ஒரு கடுவன் பூனை இருந்தது. சாம்பல் நிறம், உடம்பெல்லாம் வரி, கருவாட்டுச் சட்டியை மூடிவைத்தாலும் திறக்கத் தெரிந்தது. "ஞாயித்துக்கெயம இத்த கோணில கட்டி திருவேற்காட்டாண்ட கொண்டும்போய் உடு. உட்டுட்டு நீ மட்டும் தனியா ஊடு வந்து சேரு. பொயுது சாயறதுக்குள்ள வந்துட்டா வேலைக்குப் போ. இல்லன்னா அந்தப் பேச்சையே எடுக்காத" என்றார். கூடவே ஒரு யோசனையும் சொன்னார். "உடறதுக்கு முன்னாடி கோணிய மூணு சுத்து சுத்து. அப்பதான் அதுக்கு வயி தெரியாது."

பஸ்ஸில் கண்டக்டர் கோணியைப் பார்த்து, "இன்னாம்மா அதுல?" என்றார். கத்திரிக்காய் என்றேன். கத்திரிக்காய் உடனே கத்தியது. பஸ்ஸே சிரித்தது. தெற்கே பூந்தமல்லி வரை ஒரு பஸ், அங்கிருந்து கிழக்கே திரும்பித் திருவேற்காட்டுக்கு இன்னொன்று. கோயிலுக்குப் பக்கத்தில் கோணியை அவிழ்க்கப் போனால் ஒரு அம்மா, "எங்கூர்ல பூனைக்கா பஞ்சம்?" என்று துரத்தினார். தோப்பு, வேலி, வரப்பு என்று வெகுதூரம் நடந்து, ஆளே இல்லாத ஒரு வெட்டவெளிக்குப் போனேன்.

கோணி நல்ல கனம். கையால் மட்டும் சுற்ற முடியாமல் நானும் அதோடு சேர்ந்து சுற்றினேன். மூன்று சுற்று. எதற்கும் இருக்கட்டும் என்று இன்னும் இரண்டு. முடிச்சை அவிழ்த்ததும் பூனை வெளியே வந்தது, நான் கீழே உட்கார்ந்தேன். தலைசுற்றல் நின்று எழுந்து பார்த்தால் நாலு பக்கமும் ஒரே மாதிரி பனைமரங்கள். வந்த வழி எதுவென்று தெரியவில்லை. சித்திரை வெயிலில் ஒரு மனித ஜென்மம் கண்ணில் படவில்லை. வேலை போனது என்று அங்கேயே நின்று அழுதேன். ஒளிக்க என்ன இருக்கிறது?

பூனை அழவில்லை. காதை உதறியது, முன்னங்காலை நக்கியது, மூக்கைத் தூக்கிப் பார்த்தது. பிறகு பாதை எதையும் பார்க்காமல் வயலின் குறுக்கே நடக்க ஆரம்பித்தது. நடுவில் ஒரு ஓணானைத் துரத்தியது, திரும்பி வந்து மறுபடி அதே நேர்க்கோட்டைப் பிடித்தது. மோப்பம் என்கிறார்கள், காந்தம் என்கிறார்கள் படித்தவர்கள். எனக்கு அதெல்லாம் தெரியாது. வீட்டுக்குப் போகிற நடை எது என்று மட்டும் பார்த்தால் தெரியும். நான் கோணியைச் சுருட்டிக்கொண்டு பின்னால் போனேன்.

கொஞ்ச தூரத்தில் ஒரு முள்புதருக்குள் நுழைந்து காணாமல் போனது. இனி பூனை இல்லை, பூனை போன திசை மட்டும்தான். அந்த நேரத்தில் வெயில் என் இடது கன்னத்தில் அடித்துக்கொண்டிருந்தது. அதைக் கன்னத்தை விட்டு நகரவிடாமல் நடந்தேன். பாதி இடிந்த கிணறு ஒன்று வந்தது. அப்புறம் மதகு, இரட்டைப் பனை. கூவத்தில் அப்போது மணல்தான், நடுவில் கணுக்கால் தண்ணீர். அக்கரையில் புல் அறுத்த ஒரு பெண்ணிடம் பருத்திப்பட்டு எங்கே என்றேன். "மேக்கால போயி வடக்கால திரும்பு" என்றாள். வெயில் இறங்குகிற பக்கம் மேற்கு, அதற்குச் சோத்தாங்கைப் பக்கம் வடக்கு. போனேன். திரும்பினேன்.

பொழுது சாய இன்னும் நேரம் இருந்தது. மாமியார் ரோட்டில் நின்று, பஸ் வருகிற பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் பின்பக்கத்து வயலிலிருந்து வந்து நின்றேன். "காலக் கயுவு" என்றார்.

வியாழக்கிழமை காலை பூனை கூரையில் உட்கார்ந்திருந்தது. இளைத்து, சேறு காய்ந்து, ஆனால் அதே பூனை.

"திருவேற்காட்டுல உட்ட பூன எப்டிம்மே வரும்?" மாமியார் இடுப்பில் கை வைத்தார். "இங்கியே ஏரிக்கரையாண்ட உட்டுட்டு, சாயங்காலம் வரிக்கும் எங்கியோ குந்தினு இருந்துட்டு வந்துகீற. வேலயும் கெடையாது, ஒண்ணும் கெடையாது."

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. என் கணவர் சைக்கிளைத் துடைக்கிற சாக்கில் வெளியே போய்விட்டார். நான் விடவில்லை. "கோயிலுக்கு வடக்கால தோப்பு அத்தே. தோப்புக்கு மேக்கால போனா வெட்டவெளி. அங்க சுத்துனேன், தல கிறுகிறுத்து வயி தெரில, அழுதேன். இந்தக் கயிதப் பூன போன பக்கமே நடந்தேன். அங்கேருந்து வடமேக்கால பாதி இடிஞ்ச கெணறு..."

மாமியார் கையை இடுப்பிலிருந்து எடுத்தார். "அந்தக் கெணத்துல தண்ணி கீதா?"

"இல்ல அத்தே. உள்ள அரசங்கன்னு மொளச்சிகீது."

"நடவுக்குப் போறப்ப அதுலதான் மத்தியானம் தண்ணி எறச்சிக் குடிப்போம்" என்றார். தரையில் உட்கார்ந்தார். குரல் இறங்கிவிட்டது. "அப்பால?"

"அப்பால மதகு. மதகுக்கு வடக்கால ரெட்டப் பன."

"தெக்கால."

"இல்ல அத்தே, வடக்கால."

கண்ணை மூடிக்கொண்டார். ஏதோ ஒரு வரப்பில் நின்று பார்க்கிறார் என்று எனக்குப் புரிந்தது.

"ஆமாம்மே. வடக்காலதான்" என்றார் மாமியார். பிறகு கண்ணைத் திறந்து, "திங்கக்கெயம உனக்கு எத்தினி மணிக்கு ரயிலு?" என்று கேட்டார்.