களைப்பாக இருக்கிறதா என்று கேட்டார்கள்

பதுளையில் அந்த மனநலக் கிளினிக்கின் நடைவழியில் உட்கார்ந்திருந்தபோதும், எனக்கு வந்திருப்பது மனதின் நோய் என்று நான் நம்பவில்லை. தலைப்பாரம், பசியின்மை, நடுவிலேயே முறிந்துபோகும் தூக்கம். இவற்றுக்கு எங்கள் தேயிலைத் தோட்டத்து டிஸ்பென்சரியில் மாத்திரை வாங்கி அலுத்த பிறகுதான், அங்கே எழுதித் தந்த துண்டுச் சீட்டோடு பஸ் ஏறியிருந்தோம். என் கணவர் செல்வம் பக்கத்தில் இருந்தார்.

ஒரு கேள்வித்தாள் தந்தார்கள். கடந்த இரண்டு கிழமைகளில், அதாவது பதினான்கு நாட்களில், களைப்பு இருந்ததா, தூக்கம் கெட்டதா, எதிலும் ஆர்வம் இல்லையா என்று ஒன்பது கேள்விகள். இல்லவே இல்லை என்றால் பூச்சியம், அநேகமாக எல்லா நாளும் என்றால் மூன்று. கூட்டினால் வருவது மனச்சோர்வின் (பல வாரங்கள் விலகாத மனவாட்டத்தின்) அளவு.

விறுவிறுவென்று போட்டேன். களைப்பா? கொழுந்துக் கூடையோடு மலையேறுகிற எவளுக்குத்தான் களைப்பில்லை? பூச்சியம். தூக்கமா? லயத்து வரிசை வீடுகளில் எல்லோருமே இருட்டோடு எழும்புகிறவர்கள்தானே. பூச்சியம். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் கங்காணி முடியுமா என்று கேட்டால், முடியும் என்றுதான் எங்களுக்கு வாயில் வரும். முடியாது என்றால் அன்றைக்குப் பேர் விழாது, கூலியும் இல்லை. வாய்க்குப் பழகியதையே கையும் எழுதிவிட்டது. கூட்டுத்தொகை நான்கு. பாஸாகிவிட்டேன் என்று பெருமை வேறு.

செத்துப்போனால் நல்லது என்ற நினைப்பு வந்ததா என்பது கடைசிக் கேள்வி. அதற்குப் பூச்சியம் போடும்போது மட்டும், செல்வம் பார்க்காதபடி தாளைத் திருப்பிக்கொண்டேன்.

டாக்டர் பண்டாரவளையைச் சேர்ந்த முஸ்லிம் பெண். தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு செல்வத்திடம், வீட்டில் நான் எப்படி என்று விசாரித்தார்.

"முன்னெல்லாம் நான் ஒண்ணு சொன்னா இவங்க பத்து சொல்லுவாங்க டாக்டர். இப்ப என்கூட சண்டையே போடுறதில்ல," என்றார். அதை ஒரு குறையாகவே சொன்னார். மனுஷன் நிம்மதியாக இருக்கிறார் என்றல்லவா நான் நினைத்திருந்தேன்.

டாக்டர் அவரை வெளியே இருக்கச் சொல்லிவிட்டு, புதிய தாள் ஒன்றை எடுத்தார்.

"பக்கத்து நிரையில கொழுந்து எடுக்குறவங்களோட உங்கள ஒப்பிடாதீங்க. போன வருஷம் நீங்க எப்படி இருந்தீங்களோ, அதோட வச்சுச் சொல்லுங்க. இங்க யாரும் உங்க பேர வெட்டப் போறதில்ல."

போன வருஷம் நான் வேலை விட்டு வந்தும் தண்ணீர்க் குழாயடியில் நின்று ஊர்க்கதை பேசியவள். இப்போது முகம் கழுவவே யோசிக்கிறேன். அதை நினைத்ததும் அழுகை வந்துவிட்டது. கடைசிக் கேள்விக்கு, "சில நாள் வந்திருக்குங்க," என்றேன். சொன்னதும் பயம் போய்விடவில்லை. ஆனால் அதைத் தனியாகச் சுமக்க வேண்டியிருக்கவில்லை. டாக்டர் பதறாமல் மேலும் விசாரித்தார்; என் சம்மதத்தோடு செல்வத்தையும் அழைத்துப் பேசினார். இம்முறை கூட்டுத்தொகை பதினேழு.

இதே தாளைக் கையில் வைத்திருக்கிறவர்களுக்குச் சொல்கிறேன். அது பரீட்சையில்லை, குற்றப்பத்திரிகையும் இல்லை. எங்கே நிற்கிறோம் என்று காட்டுவது, அவ்வளவுதான். அதுவும் நாம் உள்ளதைச் சொன்னால்தான் காட்டும்.

மாத்திரையும் பேச்சுச் சிகிச்சையும் (மனநல ஆலோசகரோடு முறையாகப் பேசுவது) தொடங்கின. முதலில் வயிற்றைப் புரட்டியது. டாக்டரை மனதுக்குள் நன்றாகத் திட்டினேன். ஒவ்வொரு தடவையும் நிரப்பிய தாளில் எண் மெல்ல இறங்கியது. அடைமழைக் காலத்தில் மறுபடி ஏறியது. எல்லாம் வீண் என்று நிறுத்தப் போனேன். டாக்டர் மருந்தின் அளவை மாற்றினார், திரும்பவும் இறங்கியது. நீங்களாக நிறுத்திவிடாதீர்கள்.

வேலை செய்த களைப்பு, சாப்பிட்டுத் தூங்கினால் போய்விடுகிறது. அந்த மற்றக் களைப்பு அப்படிப் போகாது. இந்த வித்தியாசம் என் உடம்புக்கு இப்போது தெரிகிறது.

போன தடவை எண் ஆறு. இனி மூன்று மாதம் கழித்து வந்தால் போதும் என்று டாக்டர் ஒரு திகதி சொன்னார்.

"அந்தக் கிழமை வேணாங்க. எங்க தோட்டத்துல மாரியம்மன் திருவிழா. சேல கூட எடுத்தாச்சு," என்றேன்.

டாக்டர் பேனாவை வைத்துவிட்டுச் சிரித்தார். ஏன் சிரித்தார் என்பது பஸ்ஸில் ஏறிய பிறகுதான் எனக்கு உறைத்தது. மூன்று மாதத்துக்கு அப்பால் இருக்கும் ஒரு நாளுக்கு நான் ஆசைப்பட்டிருந்தேன்.