ரெஜினா டீச்சர் எழுதிய விலகல் கடிதங்கள்

அந்தப் புதன்கிழமை மாலை எங்கள் வீட்டு ஜெபமாலையில் இருந்தவர்கள்: நான், என் கணவர், பண்டமாரானிலிருந்து வரும் இரு சகோதரிகள், மலர் டீச்சர். ரெஜினா டீச்சருக்காகக் காத்திருந்துவிட்டுத்தான் தொடங்கினோம். பாதியில் அவர் கணவர் சவரிமுத்து அண்ணே போனில் அழைத்தார். "பிலோமினா, ரெஜினா போயிட்டாம்மா. நெஞ்சு வலிக்குதுன்னா. ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும்தான் இருந்தா." ஜெபத்தை நிறுத்துவதா, முடிப்பதா என்று எங்களுக்குத் தெரியவில்லை. முடித்தோம்.

அவரோடு வேலை பார்த்த உங்கள் நால்வருக்கும் தெரிந்ததுதான், இதைப் படிக்கும் நம் ஜெபக்குழுவின் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். கிள்ளானில் ஒரு தனியார் பள்ளியில் ரெஜினா டீச்சர் பத்தொன்பது ஆண்டுகள் பாடம் நடத்தினார். ஆண்டு முடிந்ததும் ஆசிரியர்கள் எல்லாரும் விலகல் கடிதம் கொடுக்க வேண்டும். பள்ளி திறக்கும்போது புதிய நியமனம் வரும். கிறிஸ்துமஸுக்கு முன் திருவருகைக் காலத்தில் வீட்டைச் சுத்தம் செய்வதுபோல, அதுவும் வருடந்தோறும் வரும் ஒரு வேலை என்றே நாங்கள் இருந்துவிட்டோம்.

கடிதங்கள், ஜெபத்துக்கு நாம் கூடும் என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில்தான் எழுதப்பட்டன. ரெஜினா டீச்சருக்கு மலாய் நன்றாக வரும், கையெழுத்தும் அழகு. தனக்கும் உங்கள் நால்வருக்கும் அவரே எழுதுவார். அவரவர் கீழே கையொப்பம் போடுவார்கள்.

"இந்த வருஷம் என்ன காரணம் போடறது டீச்சர்?" என்று உங்களில் ஒருவரான மலர் டீச்சர் கேட்பார்.

"குடும்பக் காரணம்."

"போன வருஷமும் அதான லா!"

"குடும்பம் மாறிடுச்சா என்ன? அதே புருஷன்தான!"

சிரித்துக்கொண்டே கோப்பி ஊற்றுவேன். தாள் வாங்கி வைத்ததும் நான்தான்.

இருபதாம் ஆண்டு அவருக்கு மட்டும் நியமனக் கடிதம் வரவில்லை. பத்தொன்பது ஆண்டுப் பணிக்காலத்துக்குரிய இழப்பீட்டைக் கேட்டபோது, நீங்களே ஆண்டுதோறும் விலகினீர்கள், ஒவ்வோர் ஆண்டும் தனி வேலை, தொடர்ந்த சேவை என்று எதுவுமில்லை எனப் பள்ளி பதில் எழுதியது. தொழிலாளர் இலாகாவில் புகார் செய்தார். நான் துணைக்குப் போனேன். அவரவர் சொன்னதையெல்லாம் தேதியோடு குறித்துக்கொள்வது என் பழக்கம்.

பிரிக்ஃபீல்ட்ஸில், ஒரு துணிக்கடைக்கு மேலே வக்கீல் அம்மாவின் அலுவலகம். பள்ளி அனுப்பிய நகல்களை மேசையில் பரப்பினார்.

"எல்லா லெட்டரும் ஒரே கையெழுத்தா இருக்கே. யார் எழுதினது?"

"நான்தான் மேடம்."

"மத்தவங்களுக்குமா?"

"கேட்டாங்க, எழுதிக் கொடுத்தேன்."

"எல்லாரையும் நீங்களே சேர்ந்து விலக வெச்சதா பள்ளி சொல்லும்" என்று வக்கீல் அம்மா பேனாவை மூடி வைத்துவிட்டார். திரும்பும் ரயிலில், ஷா ஆலம் தாண்டியதும் டீச்சர் என் பக்கம் திரும்பினார். "எழுதாம இருந்திருந்தா மொத வருஷமே அனுப்பியிருப்பாங்க அக்கா. எழுதினதால பத்தொன்பது வருஷம் கழிச்சு அனுப்பினாங்க. அவ்ளோதான்" என்றார். அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

விசாரணையில் பள்ளித் தரப்பு, "விருப்பத்தோடுதானே விலகினீர்கள்?" என்று கேட்டது. "எழுதினது என் கை. விருப்பம் யாருதுன்னு அந்தத் தாள்ல இல்லீங்க" என்றார் டீச்சர். அதிகாரி ஏதோ குறித்துக்கொண்டு வழக்கைத் தள்ளிவைத்தார். அடுத்த தவணைக்கு டீச்சர் இல்லை.

வழக்கை அண்ணே தொடரலாம் என்கிறார் வக்கீல் அம்மா. ஆனால் கடிதம் கொடுத்தால்தான் மறு ஆண்டு வேலை கிடைக்கும் என்பதை, அங்கே வேலை பார்த்த ஒருவராவது வந்து சொல்ல வேண்டும். நான் வெளியாள், என் சொல் போதாதாம், என் குறிப்பேடும் போதாதாம். முழங்காலில் நின்று ஜெபிக்கிறேன். அதற்கு மேல் என்ன செய்வதென்று தெரியவில்லை.

அடக்கத்துக்கு முன்னால் அவருடைய ஜெபப் புத்தகத்தை அண்ணே என்னிடம் கொடுத்தார். தினசரி மன்றாட்டுப் பக்கத்தில் உங்கள் நால்வர் பெயரையும், உங்கள் பிள்ளைகளின் பெயர்களையும் எழுதி வைத்திருக்கிறார். வழக்கு நடந்த நாட்களிலும் ஒன்றையும் அடிக்கவில்லை. எனக்கென்று அவரிடமிருந்து வைத்துக்கொண்டது அந்தப் புத்தகம் ஒன்றுதான்.

உங்களில் இருவர் இன்னும் அங்கேதான் வேலை செய்கிறீர்கள். பயம் எனக்குப் புரிகிறது; குறை சொல்லவில்லை. அண்ணே தினமும் என்னிடம், "யாராச்சும் சொன்னாங்களா?" என்று கேட்கிறார். வருவீர்களா, மாட்டீர்களா? மாட்டோம் என்றாலும் பரவாயில்லை. இந்த மாதம் முடிவதற்குள் எனக்கு ஒரு பதில் சொல்லுங்கள்.