பேச்சுச்செடி

கழக்கூட்டம் என்ற ஊரில் நான் வேலை பார்க்கும் ஆபீஸில் அப்போது ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு தயாராகிக்கொண்டிருந்தது. பனிமலையும் கறுத்த கடலுமாக ஒரு கற்பனை தேசம். அதை ஆளும் ராணி பேச்சையே தடைசெய்துவிட்டாள். மனிதக் குரல் கேட்டால் மட்டும் மலர்கிற செடி அங்கே ஒரு பாறை இடுக்கில் ஒன்றே ஒன்று மிச்சமிருக்கிறது. விளையாடுகிறவர் அதைத் தேடிக் கண்டுபிடித்து மைக்கில் பேச வேண்டும். பேசினால் மொட்டு விரியும். பூவிலிருந்து ஒரு சொட்டுத் தேன் எடுத்துப் புகட்டினால் செத்துப்போன தோழன் எழுந்து உட்காருவான். அந்தச் செடியை வரைந்து அசையவைக்கும் வேலை எனக்கு வந்தது.

அந்தச் சமயத்தில்தான் அப்பாவுக்குக் கழுத்தில் தைராய்டு ஆபரேஷன் நடந்தது.

அப்பாவுக்குச் ‘சாலை’ என்கிற கடைத்தெருவில் பருப்பு மொத்த வியாபாரம். கடை வாசலில் நின்று அவர் கூப்பிட்டால் தெருமுனையில் லாரியிலிருந்து மூட்டை இறக்குகிறவர் திரும்பிப் பார்ப்பார். ஆபரேஷன் முடிந்து அவர் வாய் திறந்தபோது வெறும் காற்றுதான் வந்தது. குரல்வளையில் ஒரு பக்கம் அசையவில்லை, பயிற்சி செய்தால் மெல்ல மெல்லச் சரியாகும் என்றார் டாக்டர். பயிற்சி சொல்லிக்கொடுத்த பெண் ‘ஆ’ என்றும் ‘ஈ’ என்றும் இழுத்துச் சொல்லச் சொன்னாள். அவள் முன்னால் ஒருமுறை சொல்லிப் பார்த்தவர், வீட்டுக்கு வந்ததும் எனக்கு போனில் எழுதி அனுப்பினார்: ‘நான் என்ன எல்கேஜியா?’

அதற்குப் பிறகு எல்லாமே எழுத்துதான். அம்மா அடுக்களையில் ஈரக்கையோடு நிற்கும்போது போன் சத்தம் போடும். கையைத் துடைத்துவிட்டுப் பார்த்தால், பக்கத்து அறையிலிருந்து ‘காப்பி’ என்று வந்திருக்கும்.

“வாயால கேட்டாத்தான் காப்பி” என்றாள் அம்மா ஒருநாள். அப்பா எழுந்து வந்து, பேசாமல் தானே காப்பி போட்டுக் குடித்தார்.

கடையைச் சித்தப்பா பார்த்துக்கொண்டார். யாராவது பார்க்க வந்தால் அப்பா தூங்குவதுபோலக் கண்ணை மூடிக்கொள்வார். கடையில் அத்தனை பேரை அதட்டியும் சிரிக்கவைத்தும் வேலை வாங்கியவர் அப்படிப் படுத்துக் கிடப்பதைப் பார்க்க எனக்குத் தாங்கவில்லை.

ஒருநாள் வீட்டிலிருந்தே வேலை. சாப்பாட்டு மேசையில் லேப்டாப்பை வைத்து, செடி சரியாக மலர்கிறதா என்று வாய்க்கு வந்ததைப் பேசிப் பார்த்துக்கொண்டிருந்தேன். குரல் கேட்டதும் முதலில் தண்டிலுள்ள வெள்ளி ரோமங்கள் புல்லரித்ததுபோல எழும். அப்புறம் கருநீல மொட்டு மேலிருந்து கீழாகப் பிளக்கும். அப்பா வந்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். ராணியின் கதையைச் சொன்னேன். கவனமாகக் கேட்டார். பிறகு திரைப்பக்கம் குனிந்து, “ஏ” என்றார்.

எத்தனையோ நாளைக்குப் பிறகு அவர் வாயிலிருந்து வந்த சத்தம். செடி அசையவில்லை.

“ஏ செடி” என்றார் மறுபடியும். ஒரு ரோமம்கூட எழும்பவில்லை.

“இது மிஷினோட கோளாறு அப்பா. உங்க குரலை ஃபேன் சத்தம்னு நினைச்சுக்குது” என்று அவசரமாகச் சொன்னேன். சொன்ன பிறகுதான் அது எவ்வளவு மோசமாக ஒலித்தது என்று உறைத்தது. அவர் எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

மறுநாள் ஆபீஸில் எங்கள் டீம் லீடிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் கொல்லத்துக்காரர், என்னோடு பேசும்போது பாதி மலையாளமும் பாதி தமிழுமாகப் பேசுவார்.

“சத்தத்தோட அளவைக் குறைச்சா ஃபேனுக்கும் பூக்கும். பின்னே ஆரும் பேச வேண்டாமல்லோ” என்றார்.

“பேச்சே கூடாதுன்னு சொன்ன ஊரு அது. வருஷக்கணக்கா வாயை மூடிட்டிருந்தவன் முதல்ல பேசினா என்ன வரும்? பாட்டா வரும்? காத்துதான வரும். அதுக்கு விரியாத செடி எதுக்கு?”

அவர் நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டார். “எங்கில், அப்படின்னா, ஃபேன் எது, அந்தக் குரல் எதுன்னு பிரிச்சுக் காட்டணும். அதுக்கு அப்படியொரு குரல் ரெக்கார்டு வேணும். அச்சன் வருவாரோ?”

அன்று சாயங்காலம் கேட்டேன். “அப்பா, ஆபீஸ்ல ஒரு வேலைக்கு உங்க குரல் வேணும்.”

‘என்கிட்ட ஏது குரல்’ என்று எழுதிக் காட்டினார்.

“இருக்கது போதும்.”

“போயிட்டுதான் வாங்களேன். இந்த எழுத்தைப் படிச்சுப் படிச்சு என் கண்ணு போச்சு” என்றாள் அம்மா.

இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் கிளம்பினார். கார் ஹைவேயில் ஊர்ந்து போகும்போது ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். ஒலிப்பதிவு அறையில் மைக்குக்கு முன்னால் உட்காரவைத்ததும் அவருக்கு வியர்த்தது. என்ன பேசுவது என்று கையை விரித்தார்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து டீம் லீட் கேட்டார்: “அங்கிள், சாம்பாருக்கு எந்தப் பருப்பு நல்லது? வீட்டில் எப்போழும் குழையாம போகுது.”

அப்பா அவரை ஒரு பார்வை பார்த்தார். “எங்க வாங்குதீங்க?” என்றார் காற்றும் கரகரப்புமாக.

டீம் லீட் ஏதோ சூப்பர் மார்க்கெட்டைச் சொன்னார். அவ்வளவுதான், அப்பா தொடங்கிவிட்டார். பழைய துவரை, புது துவரை, எண்ணெய் தடவினது, பளபளப்பைப் பார்த்து ஏமாறக் கூடாது என்று போனது பேச்சு. மூச்சு அறுந்து இருமல் வந்தபோது தண்ணீர் குடித்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். நான் ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்தேன். கண் நிறைந்துவிட்டது. வெளியே வந்தபோது அவர் களைத்திருந்தார். ஆனால் லிஃப்டில் என்னிடம், “நல்ல மனுஷன். பருப்பைப் பத்தி ஒண்ணும் தெரியலை” என்றார். எழுதிக் காட்டவில்லை, வாயால் சொன்னார்.

அந்தப் பதிவை வைத்துச் செடியைத் திருத்தினோம். புரோகிராமை மாற்றியபோதெல்லாம் லேப்டாப்பில் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். காலையில் பேப்பர் படித்து முடித்ததும் அப்பா செடிக்கு முன்னால் உட்காருவார். கடையில் சித்தப்பா மூட்டைகளைத் தாறுமாறாக அடுக்கியிருப்பதை அதனிடம் முறையிடுவார். முதலில் ரோமங்கள் மட்டும் எழுந்தன. பிறகொரு நாள் அவர் முறையீட்டின் நடுவிலேயே மொட்டு பிளந்து முழுதாக விரிந்தது. “ஏட்டி, இங்க வா” என்று அம்மாவைக் கூப்பிட்டார். அம்மாவுக்கு அது அடுக்களைவரை கேட்டது.

பயிற்சி கொடுக்கும் பெண்ணிடம் மறுபடி போனபோது, முன்னைவிடத் தேறியிருக்கிறது என்றாள். “நான் சொன்னதை வீட்டில் செஞ்சீங்களா?”

“இல்ல. ஒரு செடிகிட்ட பேசினேன்” என்றார் அப்பா. அவள் என்னைப் பார்த்தாள். நான் விளக்கினேன். சிரித்துவிட்டு, அதோடு ‘ஆ’வையும் சொல்லச் சொன்னாள். இந்தமுறை அப்பா மறுக்கவில்லை.

பழைய குரல் முழுதாகத் திரும்பவில்லை, திரும்பாது என்றே நினைக்கிறேன். ஆனாலும் அப்பா கடைக்குப் போகத் தொடங்கினார். முதல் நாள் துணைக்கு நானும் போயிருந்தேன். நெய்யாற்றின்கரையிலிருந்து ஒரு ஹோட்டல்காரர் போனில் விலை கேட்டார். அப்பா சொன்னது அவருக்குக் கேட்கவில்லை. மறுபடி சொன்னார். அதுவும் கேட்கவில்லை. சித்தப்பா போனை வாங்கக் கையை நீட்டினார். அப்பா கொடுக்கவில்லை. நிமிர்ந்து உட்கார்ந்து, மூச்சை இழுத்து, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். அந்தப் பக்கம் ஆர்டர் சொல்லத் தொடங்கியது.

போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். “நீ கிளம்பு மக்கா. மழை வர மாதிரி இருக்கு” என்றார்.