தெரியாது என்று சொல்ல ஓர் ஆள்

எட்டாவது ஆளைத் திருப்பி அனுப்பிவிட்டுத்தான் சவரிநாதன் நடக்கத் தொடங்குவார். மாதத்தின் இரண்டாம், நான்காம் சனிக்கிழமைகளில், காலை எட்டரை மணிக்கு, கண்டி அந்தோனியார் பேராலய வாசலில் இது தவறாமல் நடைபெறும். எட்டாவதாக வந்தவர் கொழும்பிலிருந்து வந்த பேராசிரியராக இருந்தாலும் விலக்கில்லை. பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டு, "அடுத்த தடவை நீங்கதான் மொத ஆளு. இன்னைக்கு என் தொண்டை ஏழு பேருக்குத்தான் போகும்" என்பார். ஒலிவாங்கி ஒன்று வாங்கித் தருவதாகப் பேராலயப் பங்கைச் சேர்ந்த ஒருவர் முன்வந்தபோதும் மறுத்துவிட்டார். "மைக்குல பேசினா ரோட்டுல போறவனும் கேப்பான். பாதியக் கேட்டுட்டுப் போயி, மீதிய அவனே சொல்லுவான்."

அவருக்கு வயது அறுபத்து நான்கு. மெலிந்த உடல். கழுத்துப் பொத்தான் வரை பூட்டிய முழுக்கை வெள்ளைச் சட்டை. வெயிலானாலும் மழையானாலும் கையில் நீளமான கறுப்புக் குடை. கண்டி நகரின் கத்தோலிக்கத் தடங்களைக் கால்நடையாகக் காட்டும் இந்தப் பயணம் மூன்று மணித்தியாலம் நீளும். பேராலயத்தில் தொடங்கி, கன்னியர் மடத்து மதிலோரமாகச் சென்று, கடைத்தெருக்களைக் கடந்து, வாவிக் கரையைச் சுற்றி, ராஜபிஹில்ல மேட்டில் ஏறி முடியும். தலதா மாளிகைக்கு அருகிலுள்ள செங்கல் தேவாலயத்தின் முன்னால் அரை நிமிடம் நிற்பார். "இது நம்ம சபை இல்ல, அங்கிலிக்கன் சபை. ஆனா மழை வந்தா உள்ள நிப்போம். அவங்க ஒண்ணும் சொல்ல மாட்டாங்க."

அவருடைய கூற்றுகளில் மூன்று வகை உண்டு. உறுதியானதாயின் "இது தெரியும்" என்று தொடங்கி, குடையின் நுனியால் இடத்தைச் சுட்டுவார். பிறர் சொல்லக் கேட்டதாயின் "சொல்லிக்கிறாங்க" என்று நாடியை மட்டும் அந்தத் திசையில் உயர்த்துவார், குடை அசையாது. நான்கு நடைகளில் உடன்சென்று எடுத்த குறிப்புகளின்படி, ஒரு நடையில் சராசரியாகப் பதினான்கு "தெரியும்", ஒன்பது "சொல்லிக்கிறாங்க". "தெரியாது" என்பது ஒன்றே ஒன்று. அது புனித யோசேப் வாஸ் அவர்களின் கல்லறை.

கோவாவிலிருந்து வந்த அந்தக் குரு 1692 இல் கண்டியை அடைந்தார். ஒற்றரெனச் சந்தேகிக்கப்பட்டுச் சிறைவைக்கப்பட்டார். பின்னர் அம்மைநோய் பரவியபோது கைவிடப்பட்டவர்களைப் பராமரித்தார். 1711 ஜனவரியில் இதே நகரில் இறந்தார். அவர் அடக்கம் செய்யப்பட்ட இடத்தை இன்று எவராலும் உறுதியாகக் காட்ட முடியாது. இதைச் சொல்லும்போது சவரிநாதன் குரலைத் தாழ்த்துவதில்லை. ராஜபிஹில்ல மேட்டில், நகரம் முழுவதும் காலடியில் விரியும் திருப்பத்தில் எல்லோரையும் நிறுத்தி, குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, விருது பெற்றவர் விருதின் வாசகத்தைப் படிப்பதுபோல உரத்து அறிவிப்பார்: "புனிதர் இந்த ஊருலதான் இருக்கார். இது தெரியும். எந்த எடத்துல? தெரியாது. தெரியாதுன்னு சொல்றதுக்கும் ஒரு ஆளு வேணும்ல? அதுக்குத்தான் என்னை வச்சிருக்காங்க."

முப்பத்தொரு வருடம் அவர் பார்த்த உத்தியோகத்தை அறிந்தவர்களுக்கு இந்தப் பெருமிதம் வியப்பளிக்காது. நகரத்து மயானம் ஒன்றின் பொறுப்பாளராக இருந்து ஓய்வுபெற்றவர் அவர். யார் எந்த வரிசையில், எத்தனையாம் குழியில் இருக்கிறார் என்று பதிவதும், உறவினர் வந்தால் அழைத்துச் சென்று காட்டுவதும் அவருடைய கடமையாக இருந்தன. அந்தப் பழக்கம் இன்னும் போகவில்லை. கடைத்தெருவில் ஒரு பெயர்ப்பலகையைக் கண்டால், "இந்த முதலாளியோட தகப்பனாரு சி வரிசை, பதினேழு. மேல ஒரு கொய்யா மரம் நிக்கும்" என்று இயல்பாகச் சொல்லிக்கொண்டு நடப்பார். கேட்பவர் ஏன் திடுக்கிடுகிறார் என்பது அவருக்கு விளங்குவதில்லை. விலாசம் சொன்னதாகவே நினைக்கிறார். இந்த நடைக்குப் பங்கில் ஆள் தேடியபோது தாமாகவே போய்ப் பெயர் கொடுத்தாராம். "உசிரோட இருக்கிறவங்களையும் கொஞ்சம் கூட்டிட்டுப் போய்ப் பாப்போமேன்னுதான்."

வழியில் ஒரு குறுக்குத் தெருவில் கைரியா நடத்தும் சிறிய சாப்பாட்டுக் கடை இருக்கிறது. பிளேன்டீ குடிப்பதற்கும் கழிவறைக்குப் போவதற்கும் அங்கே பதினைந்து நிமிடம் ஒதுக்கப்பட்டுள்ளது. முஸ்லிம் வீடுகளில் அக்காவை அழைக்கும் முறைப்படி சவரிநாதன் அவரைத் "தாத்தா" என்கிறார்; உண்மையில் கைரியா அவரைவிட எட்டு வயது இளையவர். அதற்குப் பழிவாங்குவதுபோல, பிணத்துக்குத் தங்கள் பேச்சில் வழங்கும் சொல்லைச் சேர்த்துக் கைரியா வரவேற்பார்.

"வந்துட்டாரு மையத்து மாஸ்டர்! இண்டைக்கி எல்லாரும் உசிரோடதானே?"

"ஏழும் உசிரோடதான் தாத்தா. எண்ணிப் பாத்துக்கங்க."

"எண்ணத் தேவல்ல. டீ குடிக்கிற மையத்த நான் இன்னும் காணல்ல."

கடந்த ஒக்டோபர் மாதத்தின் நான்காம் சனிக்கிழமை, அந்தக் கடையில் ஒருவர் மட்டும் தேநீரைத் தொடவில்லை. யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த வதனா அவர், முப்பத்தைந்து வயதிருக்கும். கணவனின் தம்பி வினோதன் உடன் வந்திருந்தார். தெல்தோட்டைப் பாடசாலை ஒன்றின் ஆசிரியைகள் மூவரும் நீர்கொழும்புத் தம்பதியர் இருவரும் அன்றைய ஏழு பேரை நிறைவாக்கினார்கள். எந்த ஆலயத்திலும் வதனா ஒரு வினாவும் எழுப்பவில்லை. கடையை விட்டுப் புறப்படும்போதுதான், "கல்லறை எப்ப வரும் அண்ணை?" என்று கேட்டார்.

"கடைசியில சொல்றேம்மா" என்றார் சவரிநாதன்.

மேட்டின் திருப்பத்தை அடைந்ததும் வழக்கம்போல நிறுத்தினார்; வழக்கம்போல அறிவித்தார். "தெரியாது" என்ற சொல் விழுந்தபோது வதனாவின் கையில் மூடி திறந்த ஒரு சிறு தகரப்பேணி இருந்தது.

"எனக்கு ஒரு பிடி மண் போதும் அண்ணை" என்றார். "என்ரை அவர் பேராதனை ஆஸ்பத்திரியிலை. திங்கக்கிழமை இருதய ஒப்பரேசன். புனிதற்றை கல்லறை மண் தலையணைக்குக் கீழை வராமல் சம்மதப் பேப்பரிலை கையெழுத்து வைக்கமாட்டன் எண்டு நிக்கிறார். நேற்று டொக்டர் வந்து கேட்டும் வைக்கேல்லை."

வினோதன் சவரிநாதனின் முழங்கையைப் பிடித்துச் சற்று அப்பால் அழைத்தார். ஆயினும் அவர் சொன்னது எல்லோருக்கும் கேட்டது. "அண்ணை, ஏதோ ஒரு இடத்தைக் காட்டிவிடுங்கோ. ஆருக்குத் தெரியப்போகுது? புனிதரும் கோவிக்கமாட்டார்."

ஆசிரியைகளில் ஒருவரான சஞ்சீவனியும் சேர்ந்துகொண்டார். "காட்டிருங்கண்ணே. ஒரு உசிரு சமாச்சாரமுங்க."

சவரிநாதன் கக்கத்திலிருந்த குடையை எடுத்துத் தரையில் ஊன்றினார். அதைச் சம்மதமென எடுத்துக்கொண்ட வினோதன் தெருவோரத்தில் குனிந்து ஒரு கைப்பிடி செம்மண்ணை அள்ளினார்.

"தம்பி, அது ரோட்டு ஓரம் நெரப்புறதுக்குக் கொட்டுன மண்ணு" என்றார் சவரிநாதன். "போன மாசம்தான் லொறியில வந்துச்சு. எந்த ஊரு மண்ணோ."

"அண்ணை மண்ணுக்கும் பதிவேடு வைச்சிருக்கிறார் போலை" என்று வினோதன் கையை உதறினார். ஒருவரும் சிரிக்கவில்லை.

சவரிநாதன் வதனாவின் பக்கம் திரும்பினார். "அம்மா, நான் வேலைக்குச் சேந்து ரெண்டாவது வருஷம். இரத்தினம்மான்னு ஒருத்தங்க, மகனைப் பொதைச்ச எடத்தைக் காட்டச் சொல்லி வந்தாங்க. நம்பர் கல்லு மண்ணுக்குள்ள போயிருச்சு. நான் ஆபீசுக்குப் போயி பொஸ்தகத்தைப் பாத்திருக்கணும். மழை. அந்தா, அதுதான்னு கையைக் காட்டிட்டேன். மூணு வருஷம் அவங்க அங்க வந்து மெழுகுதிரி கொளுத்துனாங்க. அப்புறம் பக்கத்துக் குழிக்காக பொஸ்தகத்தை எடுக்கறப்பதான் தெரிஞ்சுச்சு, அது வேற ஆளு. இவங்க மகன் ரெண்டு வரிசை கீழ. வீட்டுக்குப் போயிச் சொன்னேன். என்னை ஏசல. 'மூணு வருஷமா நான் யாருக்கய்யா அழுதேன்?'னு மட்டும் கேட்டாங்க."

மேட்டின் கீழே பஸ்கள் ஒலியெழுப்பிக்கொண்டிருந்தன.

"அதுக்கப்புறம் இருபத்தாறு வருஷம் வேலை பாத்தேன். ஒரு எடம் பெசகல. உங்களுக்கும் பெசக மாட்டேன்."

வதனா அழவில்லை. அவருடைய முகத்தில் இருந்தது கோபம். "அப்ப நான் அவருக்கு என்னத்தைக் கொண்டுபோறது? பிழை விடாத ஒரு ஆளைக் கண்டன் எண்டு சொல்லவோ?"

அந்தக் கேள்வி அவரைச் சுட்டிருக்க வேண்டும். நிமிர்ந்து நின்றார். "அதை நீங்க சொல்ல வேணாம்மா. நானே சொல்றேன். போனைப் போடுங்க. முகம் தெரியிற மாதிரி போடுங்க."

மூன்றாவது முயற்சியில் தொடர்பு கிடைத்தது. தொலைபேசித் திரையில் வெள்ளைத் தலையணையும், அதன்மேல் பல நாள் தாடியுடன் ஒரு முகமும் தோன்றின. அவர்தான் வதனாவின் கணவர் கௌசிகன். சவரிநாதன் சட்டைக் கையை இழுத்துச் சரிசெய்துகொண்டு பேசினார்.

"தம்பி, என் பேரு சவரிநாதன். உங்க சம்சாரம் என்கூடத்தான் நடந்து வந்தாங்க. புனிதரோட கல்லறை எங்கன்னு எனக்குத் தெரியாது. அதனால மண்ணு குடுத்தனுப்பல. குத்தம் என் மேலதான், அவங்க மேல இல்ல."

திரையிலிருந்த முகம் தலையணையிலிருந்து சற்று உயர்ந்தது.

"நாலு பேர் நாலு இடம் சொன்னவை அண்ணை" என்றது பலவீனமான குரல். "ஒருத்தர் படத்திலை கோடு கீறியே அனுப்பினவர். எதை நம்பிறதெண்டு தெரியாமல் படுத்திருக்கிறன். நீங்கள் ஒராள்தான் தெரியாது எண்டுறியள். வேறை என்ன தெரியும் உங்களுக்கு?"

"இந்த ஊருலதான் இருக்கார். அது தெரியும். அம்மை வந்தப்ப ஓடிப்போகாம நோயாளிங்ககூட நின்னார். அதுவும் தெரியும்." குடையின் நுனியைப் பேராதனைப் பக்கம் நீட்டினார். "நீங்க படுத்திருக்கிற எடத்துல இருந்து இது நாலு கட்டை தூரம். அது எனக்கு நல்லாவே தெரியும்."

கௌசிகன் சிரித்தார். சிரிப்பு இருமலாக முடிந்தது. "அப்ப காட்டுங்கோ. முழுக்கக் காட்டுங்கோ."

சவரிநாதன் குடையைச் சஞ்சீவனியிடம் கொடுத்தார். தொலைபேசியை இரண்டு கைகளாலும் நெஞ்சுக்கு நேராகப் பிடித்து, திரையை வெளிப்புறமாக்கி, நின்ற இடத்திலேயே வலப்புறமாகத் திரும்பத் தொடங்கினார். வாவியின் விளிம்பு. மாளிகையின் கூரை. தெருக்களின் தகரக் கூரைகள். எதிர்மலையில் அமர்ந்திருக்கும் வெள்ளைப் புத்தர். திருவிழாவில் புனிதரின் சுரூபம் தூக்குபவர்கள் அடியெடுத்து வைப்பதுபோல, ஒவ்வோர் அடியும் ஒரே அளவில் இருந்தது.

"அண்ணை, கொஞ்சம் நிப்பாட்டுங்கோ. அது என்ன, அந்த மூலையிலை ஏதோ மினுங்குது?"

"நிக்க மாட்டேன் தம்பி. நின்னா அதுதான்னு நெனச்சுக்குவீங்க."

மேட்டில் ஏறிவந்த ஓட்டோ ஒன்று அவருக்காகக் காத்து நின்றது. சாரதி ஒலியெழுப்பிப் பார்த்துவிட்டு, எழுவர் நிற்கும் விதத்தைக் கண்டு இயந்திரத்தை அணைத்தார். நகரம் திரையிலிருந்து நழுவியது. மரங்களும், ஒரு வீட்டின் மதிலும், கொடியில் காயும் துணிகளும் வந்தன. அவற்றையும் அதே அளவு அடிகளிலேயே கடந்தார்.

"வதனா" என்றது குரல். "நேர்ஸிட்டை அந்தப் பேப்பரைக் கொண்டுவரச் சொல்லுறன். நீர் கெதியா வாரும்."

வதனா இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு ஓடிவந்தார். சவரிநாதன் தொலைபேசியைக் கொடுக்கவில்லை. "பொறுங்கம்மா" என்றார். இன்னும் கால்வட்டம் மிச்சமிருந்தது. பலாமரம், மின்கம்பம், காத்து நின்ற ஓட்டோ, அதன் சாரதி என ஒவ்வொன்றையும் ஒரே வேகத்தில் கடந்தார். தொடங்கிய அதே வாவி விளிம்பு வந்து சேர்ந்த பிறகே நின்று, தொலைபேசியை இரண்டு கைகளாலும் அவரிடம் நீட்டினார்.